முறை பொது, திறவுகோல் தனி

(சங்கத்தின் வெள்ளி விழாக் கருத்தரங்கில் ஞாயிற்றுக்கிழமைக் கணித வகுப்பின் சார்பில் ஆற்றப்பெற்ற உரை)

வெள்ளி விழாவில் கடந்துவந்த பாதையைப் பேசுவது மரபு. அதைப் பேசத் தகுதியுடைய பெரியோர் இம்மேடையில் பலர் இருக்கின்றனர். நாங்கள் வேறொரு பொருளை எடுத்துக்கொண்டோம். மறைக்குறி முறைகள் என்பது அப்பொருள். ஒரு செய்தியைப் பிறர் அறியாதபடி உருமாற்றி அனுப்பவும், ஓர் ஆவணம் இன்னாரால் தரப்பட்டதே என்று உறுதிசெய்யவும் கணிப்பொறிகள் கையாளும் கணக்கு வழிகளே அவை. அவற்றை அல்காரிதம் என்று அத்துறையினர் அழைப்பர். அவற்றை எளிய மக்களுக்கு எவ்வாறு விளக்குவது என்பதில் உலகெங்கும் கருத்து வேறுபாடு இருந்துவந்திருக்கிறது. எங்கள் சிறிய வகுப்பிலும் இருந்தது.

சேற்றிலும் வரப்பிலும் வாழும் நமக்கு இது எதற்கு என்று கேட்கலாம். அதற்கு விடையாக ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறோம். சில ஆண்டுகளுக்கு முன் நம் தெருப் பெண் ஒருத்தி கல்லூரிச் சேர்க்கைக்குச் சென்றாள். இ-சேவை மையத்தில் பெற்ற சாதிச் சான்றிதழை நீட்டினாள். மையொப்பம் எங்கே, முத்திரை எங்கே என்று கேட்டார் அங்கிருந்த எழுத்தர். கணிப்பொறியிலேயே கையொப்பம் இடப்பட்டிருக்கிறது என்றாள் அவள். கணிப்பொறியில் எதை வேண்டுமானாலும் அச்சடிக்கலாமே என்றார் அவர். அவள் தந்தை தொலைபேசியில் எங்களை அழைத்துக் கேட்டார். எங்களுள் பட்டம் பெற்றவர் நால்வர் இருந்தும், 'அரசாங்கம் கொடுத்ததுதானே, செல்லும்' என்பதற்கு மேல் ஒரு சொல் சொல்ல எங்களால் இயலவில்லை. மறுநாள் கூலியை விட்டு அலுவலகத்தில் காத்திருந்து, மையொப்பம் பெற்றுக்கொண்டு அவர்கள் திரும்பியபோது, அவள் விரும்பிய பாடப்பிரிவு நிரம்பிவிட்டிருந்தது.

அன்று அவள் இழந்தது எங்கள் அறியாமையினால் என்பதை இந்த அவையில் ஒப்புக்கொள்கிறோம். அதன் பிறகே இப்பொருளைக் கற்கத் தொடங்கினோம்.

இருவகை மறைப்பு

மறைப்பு என்றதும் நம் மக்களுக்கு இயல்பாகவே ஐயம் எழும். அந்த ஐயத்திற்கு வரலாறு இருக்கிறது. இந்தக் காவிரிப் படுகையில், மறைத்து வைக்கப்பட்ட அறிவுக்கு நம் முன்னோர் கொடுத்த விலை கொஞ்சமன்று. பண்ணையாளாக இருந்தவர் எவ்வளவு நெல் கடன் பட்டார் என்பது கணக்குப்பிள்ளையின் ஏட்டில் இருந்தது. அந்த ஏட்டைப் படிக்கும் எழுத்து அவருக்கு மறுக்கப்பட்டிருந்தது. அவர் செய்யக்கூடியது கைநாட்டு வைப்பது ஒன்றே. 1952ஆம் ஆண்டில் தஞ்சாவூர்ப் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. சட்டம் வந்தபின்னும் ஏட்டைப் படிக்கத் தெரிந்த குடும்பமே அதன் பயனை முழுமையாகக் கேட்டுப் பெற முடிந்தது.

தமிழ் இலக்கணத்திலும் மறைமொழிக்கு இடமுண்டு. ஒரு கூட்டத்தார் தமக்குள் மட்டும் விளங்கப் பேசுவதைக் குழூஉக்குறி என்றனர். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதும், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்பதும் உரையாசிரியர் காட்டும் சான்றுகள். சொல்லின் பொருள் வெளியாகிவிட்டால் அம்மறைவு அழிந்துபோகும்.

மாட்டுச் சந்தையில் காணும் முறை வேறு. தரகரும் வாங்குபவரும் ஒரு துண்டினால் கைகளை மூடிக்கொண்டு விரல்களைப் பற்றி விலை பேசுவர். எந்த விரலைப் பற்றினால் எந்தத் தொகை என்பது சந்தைக்கு வந்து பழகிய அனைவருக்கும் தெரியும். ஆயினும் அந்தத் துண்டுக்கடியில் அப்பொழுது பற்றப்பட்ட விரல் எது என்பது அவ்விருவருக்கு மட்டுமே தெரியும். முறை வெளிப்படை, தொகை மட்டும் மறைவு.

இவ்வேறுபாடே நாங்கள் இன்று சொல்லவந்த செய்தியின் வேர். முறையையே மறைத்து வைப்பது ஒருவகை. முறையை ஊரறியச் சொல்லிவிட்டுத் திறவுகோலை மட்டும் மறைப்பது மற்றொரு வகை. முதல் வகை, அறிந்தவன் அறியாதவனை ஆள்வதற்குப் பெரிதும் பயன்பட்டது. இரண்டாம் வகையோ எளியவனும் தன் பொருளைத் தானே காத்துக்கொள்ளப் பயன்படும்.

இக்கருத்தை ஐரோப்பாவில் தெளிவாக எழுதியவர் ஆகஸ்த் கெர்க்காப்ஸ் என்னும் மொழியறிஞர். 1883ஆம் ஆண்டில் படைத்துறை மறைக்குறிகளைப் பற்றி எழுதிய கட்டுரையில், நல்ல முறை பகைவர் கையில் அகப்பட்டாலும் தீங்கு நேரக்கூடாது என்று அவர் வற்புறுத்தினார். காவல் முழுவதும் திறவுகோலில் இருக்கவேண்டும் என்பது அதன் பொருள். இன்றளவும் இத்துறையின் அடிப்படை விதி அதுவே.

அவ்விதி மீறப்பட்டால் ஐயம் வளரும் என்பதற்கு அமெரிக்காவிலேயே சான்றுண்டு. 1977இல் அந்நாட்டு அரசு டெஸ் என்னும் மறைக்குறி முறையைப் பொதுத் தரமாக அறிவித்தது. முறை வெளியிடப்பட்டது; ஆனால் அதனுள் இருந்த அட்டவணைகள் ஏன் அவ்வாறு அமைக்கப்பட்டன என்ற காரணம் வெளியிடப்படவில்லை. உள்ளே கள்ளவழி வைத்துள்ளனரோ என்று அறிஞர்கள் ஏறத்தாழ இருபதாண்டுக் காலம் ஐயுற்றனர். பின்னர், அவ்வட்டவணைகள் ஒருவகைத் தாக்குதலைத் தடுக்கவே அமைக்கப்பட்டவை என்று 1994இல் அதை உருவாக்கியவர்களுள் ஒருவரே எழுதினார். எனினும் அதன் திறவுகோல் குறுகியது என்ற மற்றொரு குறை உண்மையாயிற்று. 1998இல் அதற்கெனவே கட்டிய ஓர் இயந்திரம் மூன்று நாள்களுக்குள் திறவுகோலைத் தேடிக் கண்டுபிடித்தது. அதற்கு அடுத்த முறையைத் தேர்ந்தெடுக்க 1997இல் திறந்த போட்டி அறிவித்தனர். 15 முறைகள் ஏற்கப்பட்டு, எல்லார் முன்னிலையிலும் அலசப்பட்டன. பெல்ஜியம் நாட்டு அறிஞர் இருவர் வகுத்த முறை வென்று 2001இல் தரமாயிற்று. இன்று நம் கைபேசிகள் பலவற்றிலும் இயங்குவது அதுவே.

உறையில் வந்த அறிவு

இங்கே ஒரு பெரிய இடர்ப்பாடு இருந்தது. பேசுபவர் இருவரும் முன்கூட்டியே சந்தித்து ஒரே திறவுகோலை வைத்துக்கொண்டால்தான் மறைவாகப் பேச முடியும். ஒருவரை ஒருவர் கண்டிராதவர் என்ன செய்வது? 1976இல் டிபி, ஹெல்மன் என்னும் இருவர், பூட்டுவதற்கு ஒரு திறவுகோலும் திறப்பதற்கு வேறொரு திறவுகோலும் இருக்கலாம் என்ற எண்ணத்தை வெளியிட்டனர். 1977இல் ரிவெஸ்ட், ஷமீர், ஏடெல்மன் என்னும் மூவர் அதற்கேற்ற கணக்கைக் கண்டனர். இங்கிலாந்தின் உளவுத்துறையில் பணியாற்றிய கிளிபர்ட் காக்ஸ் அதே கணக்கை 1973லேயே கண்டிருந்தார். ஆனால் அது அரசின் மறைபொருளாயிற்று. உலகம் அதை அறிய 1997 வரை காத்திருக்க நேர்ந்தது. மூடிய அறையில் பிறந்த அறிவு கால் நூற்றாண்டு எவருக்கும் பயன்படவில்லை.

மூவர் கண்ட முறையோ மக்களிடம் வந்தது. மார்ட்டின் கார்ட்னர் என்ற எழுத்தாளர் 1977 ஆகஸ்டில் சயின்டிபிக் அமெரிக்கன் இதழில் அதைப் பொது வாசகருக்கு விளக்கினார். தம் முகவரி எழுதி அஞ்சல்தலை ஒட்டிய உறையை அனுப்புவோர்க்கு முழு அறிக்கையும் அனுப்பப்படும் என்று அதில் அறிவிக்கப்பட்டது. ஆயிரக்கணக்கான உறைகள் வந்து குவிந்தன. அதே வேளையில், இத்தகைய ஆய்வை வெளிநாட்டவர்க்குச் சொல்வது படைக்கலன் ஏற்றுமதிச் சட்டத்தை மீறுவதாகலாம் என்று ஓர் எச்சரிக்கைக் கடிதமும் எழுந்தது. விளக்குவதே குற்றமா என்ற வழக்கு அப்பொழுதே தொடங்கிவிட்டது. சட்ட ஆலோசனைக்குப் பின், அவ்வாண்டின் இறுதியில் உறைகள் அனுப்பப்பட்டன.

எங்கள் வகுப்பில் எழுந்த வழக்கு

இதை நம் பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்வது என்று எங்களுக்குள் மூன்று கருத்துகள் எழுந்தன. உலகில் இதைக் கற்பிப்போர் இடையிலும் ஏறத்தாழ இம்மூன்றே நிலவுகின்றன என்பதைப் பின்னர் அறிந்தோம்.

முதல் கருத்து, உவமையால் விளக்கவேண்டும் என்பது. எங்களுள் மூத்த ஆசிரியர் அதை இவ்வாறு சொன்னார்: விடுதியில் படிக்கும் மகள், திறந்த பூட்டுகள் பலவற்றை ஊருக்கு அனுப்பி வைக்கிறாள். சாவி அவளிடமே இருக்கிறது. தாய் ஒரு பெட்டியில் பணத்தை வைத்து அப்பூட்டை அழுத்திவிட்டால் போதும். வழியில் எவராலும் திறக்க முடியாது. பூட்டை அழுத்திய தாயாலும் திறக்க முடியாது. மகள் ஒருத்தியே திறப்பாள்.

இவ்வுவமையைக் கேட்ட எவரும் மறக்கமாட்டார். ஆயினும் ஒரு மாணவன் எழுந்து, 'பூட்டைப் பிரித்துப் பார்த்தால் சாவி செய்துவிடலாமே, கணக்கில் அது ஏன் முடியாது?' என்று கேட்டான். உவமை அங்கே வாயடைத்து நின்றது.

இரண்டாம் கருத்து, சிறிய எண்களைக் கொண்டு கணக்கையே காட்டவேண்டும் என்பது. கணிதம் பயின்ற தங்கை ஒருத்தி கரும்பலகையில் எழுதிக் காட்டினாள். நீங்களும் மனத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

3, 11 என்னும் இரண்டு பகா எண்களை எடுப்போம். பெருக்கினால் 33. ஒவ்வொன்றிலும் ஒன்றைக் கழித்துப் பெருக்கினால் 2 × 10 = 20. இனி 3, 7 என்னும் இணையை எடுப்போம்; 3 × 7 = 21, அது 20ஐவிட ஒன்று மிகுதி. இந்த 'ஒன்று மிகுதி'யில்தான் கணக்கின் உயிர் இருக்கிறது. 33, 3 ஆகிய இரண்டையும் ஊரறியச் சொல்லிவிடுவோம். அது பொதுத் திறவுகோல். 7ஐ மட்டும் மகள் தன்னிடம் வைத்துக்கொள்வாள். அது தனித் திறவுகோல்.

தாய் அனுப்ப விரும்பும் எண் 4. அதை மூன்று முறை எழுதிப் பெருக்குகிறாள்: 4 × 4 × 4 = 64. 33ஆல் வகுத்தால் மீதி 31. அந்த 31ஐ அனுப்புகிறாள். மகள் 31ஐ ஏழு முறை எழுதிப் பெருக்கி, 33ஆல் வகுத்து மீதி காணவேண்டும். 31 × 31 = 961; அதன் மீதி 4. எனவே ஈரிரண்டாக ஆறு முப்பத்தொன்றுகளும் 4 × 4 × 4 ஆகிவிடும். அதன் மீதி மீண்டும் 31. எஞ்சியிருக்கும் ஏழாவது 31ஆல் அதைப் பெருக்க 961, மீதி 4. தாய் அனுப்பிய 4 மகளுக்குக் கிடைத்துவிட்டது!

இக்கணக்கைப் போட்டு முடித்தபோது எட்டாம் வகுப்புப் பிள்ளைகளின் முகத்தில் கண்ட ஒளியை எங்களால் மறக்க இயலாது. பூட்டைப் பிரித்தால் என்ன என்று கேட்ட மாணவனுக்கும் அதிலேயே விடை இருந்தது. 33ஐ 3 × 11 என்று பிரித்தறிபவன் 7ஐயும் கண்டுவிடுவான். 33ஐப் பிரிப்பது எளிது. ஆனால் இன்று வழக்கிலுள்ள எண்கள் 600 இலக்கங்களுக்கும் மேற்பட்டவை. இரண்டு எண்களைப் பெருக்குவது எளிது. பெருக்கி வந்ததைப் பிரிப்பது அரிது. கலந்த நெல்லையும் பதரையும்போல் காற்றில் தூற்றிப் பிரிக்க அதற்கு வழியில்லை. 1977இல் அறைகூவலாக விடப்பட்ட 129 இலக்க எண் ஒன்றை, ஏறத்தாழ 600 தொண்டர்கள் தம் கணிப்பொறிகளை இணைத்து 1994இல் பிரித்தனர். ஆகவே எண்களை வளர்த்துக்கொண்டே போகவேண்டியதாயிற்று. குவாண்டம் கணிப்பொறி வலிமை பெற்றால் இப்பிரிப்பு எளிதாகிவிடும் என்பதை 1994இல் பீட்டர் ஷோர் காட்டினார். அதை எதிர்நோக்கி 2024இல் வேறுவகைக் கணக்குகள் தரமாக்கப்பட்டுள்ளன.

கரும்பலகைக் கணக்கும் முழு உண்மையன்று. 33 என்ற எண்ணில் எல்லா விடைகளையும் ஒவ்வொன்றாக முயன்று பார்த்துவிடலாம். ஒரே செய்தி எப்பொழுதும் ஒரே மறைக்குறியாகவே வரும். ஆகவே நடைமுறையில் செய்தியோடு குறிப்பிலா எண்களைக் கலந்தே மறைக்கின்றனர். இதைச் சொல்லாமல் விட்டால், இக்கணக்கைக் கற்ற இளைஞன் ஒருவன் இதையே காவலென்று நம்பித் தானே ஒன்றைச் செய்து ஏமாறுவான்.

மூன்றாம் கருத்து, உட்பொருள் வேண்டியதில்லை, பயன்படுத்தும் வகை தெரிந்தால் போதும் என்பது. கணிப்பொறிப் பணியில் உள்ள தம்பி ஒருவர் இதை வற்புறுத்தினார். மின்சாரம் பற்றி அறிந்தா விளக்கைப் போடுகிறோம் என்று கேட்டார். அதில் நியாயம் இல்லாமலில்லை. வல்லுநர்களும் சொந்தமாக மறைக்குறி முறை செய்யாதீர் என்றுதான் எச்சரிக்கின்றனர். ஆயினும் 'உனக்குப் புரியாது, நாட்டு வை' என்ற சொல்லைத் தலைமுறை தலைமுறையாகக் கேட்டவர் நாம். செய்யாதே என்று எச்சரிப்பது வேறு. அறியாதே என்று தடுப்பது வேறு.

முடிவாக நாங்கள் கண்டது இது: உவமையில் தொடங்குவோம், கணக்கில் நிறுத்துவோம், நம் விளக்கம் எந்த இடத்தில் முடிகிறது என்பதையும் சொல்லிவிடுவோம். எளிமைக்காகச் சிலவற்றை விடலாம். விட்டதை மறைக்கக்கூடாது.

எண்ணும் நம் மண்ணும்

பகா எண்களைப் பேசுகையில் கும்பகோணத்தை மறக்க முடியாது. சீனிவாச இராமானுசன் அங்கே நகர உயர்நிலைப் பள்ளியில் பயின்றவர். 1914இல் இங்கிலாந்து சென்று, எண்களின் இயல்பை ஹார்டியுடன் ஆராய்ந்தார். அந்த ஹார்டி 1940இல் எழுதிய நூலில், எண் கோட்பாட்டினால் போருக்கோ நடைமுறைக்கோ பயனில்லை என்ற கருத்தைப் பெருமையுடன் கூறினார். நாற்பது ஆண்டு ஆகுமுன் அக்கோட்பாடே உலகின் பூட்டாயிற்று. 2002இல் கான்பூர் ஐ.ஐ.டி.யில் மணீந்திர அகர்வால், நீரஜ் கயால், நிதின் சக்சேனா என்னும் மூவர், ஓர் எண் பகா எண்ணா என்பதை ஐயமின்றியும் ஏற்ற காலத்திலும் சோதிக்கும் வழியைக் கண்டு உலகை வியக்கவைத்தனர். அவர்களுள் இருவர் அப்பொழுதுதான் பொறியியல் பட்டப்படிப்பை முடித்திருந்த இளைஞர்கள். இராமானுசன் கையில் பலகை இருந்த அந்நாளில், அதே வயதில் நம் தெருப் பிள்ளைகளின் கையில் மாட்டுக் கயிறு இருந்தது. அறிவு இல்லாமலன்று, பலகை இல்லாமல் எத்தனை பேர் போயினர் என்பதை எவர் கணக்கிட்டார்?

சான்றிதழுக்கு வருவோம்

களத்தில் நெல்லைக் குவித்து, அளக்கும் வரை எவரும் தொடாதிருக்கச் சாணிப்பாலாலோ சாம்பலாலோ குறியிட்டு வைக்கும் வழக்கத்தை முதியோர் அறிவர். ஒரு கை நெல் எடுத்தாலும் குறி கலைந்துவிடும். அறுத்து அடித்துக் குவித்தவர்களை ஐயுற்றே அக்குறி இடப்பட்டது என்பது வேறு செய்தி. கணிப்பொறியிலும் அத்தகைய குறி உண்டு. ஆவணம் எவ்வளவு நீண்டதாயினும் அதைக் கணக்கிட்டு ஒரு சுருக்கெண் ஆக்குகின்றனர். ஓர் எழுத்து மாறினாலும் சுருக்கெண் மாறிவிடும். ஆனால் களத்துக் குறியை, அதே அச்சுக் கட்டை வைத்திருப்பவர் எவரும் இடலாம். ஆகவே சுருக்கெண்ணுக்கு மேல் தனித் திறவுகோலும் வேண்டியிருக்கிறது.

அதே எண்களைக் கொண்டு பார்ப்போம். சுருக்கெண் 4 என்று கொள்வோம். கையொப்பமிடும் அதிகாரி தம்மிடமுள்ள 7ஆல் கணக்கிடுகிறார்: 4ஐ ஏழு முறை எழுதிப் பெருக்கினால் 16,384, 33ஆல் வகுக்க மீதி 16. இந்த 16 அவருடைய கையொப்பம். நாம் ஊரறிந்த 3ஐக் கொண்டு 16 × 16 × 16 = 4,096 என்று கண்டு, 33ஆல் வகுத்தால் மீதி 4. சுருக்கெண்ணோடு ஒத்துவிட்டது. அவரிடமுள்ள 7 இல்லாமல் 16ஐப் படைத்திருக்க முடியாது. இதைத் 'தனித் திறவுகோலால் பூட்டுவது' என்று பல நூல்கள் எழுதின. வல்லுநர் பலர் அதை மறுக்கின்றனர். பூட்டு மறைப்பதற்கு; கையொப்பமோ காட்டுவதற்கு. இவ்விரண்டையும் குழப்பாதிருப்பது நலம்.

2000ஆம் ஆண்டின் தகவல் தொழில்நுட்பச் சட்டம், இந்தியாவில் இத்தகைய கையொப்பத்திற்குச் சட்ட மதிப்பு வழங்கியது. சட்டத்தின் 3ஆம் பிரிவிலேயே இணைத் திறவுகோல் முறையும் சுருக்கெண் முறையும் கூறப்பட்டுள்ளன. முறை சட்டப் புத்தகத்தில், எவரும் படிக்கலாம். திறவுகோல் மட்டும் அதிகாரியின் கையில்.

இனி அந்த எழுத்தர் சொன்னதை எண்ணிப் பாருங்கள். 'கணிப்பொறியில் எதையும் அச்சடிக்கலாம்' என்றார். அவர் சொன்னதில் பாதி உண்மை! தாளில் அச்சான பெயரும் குறியும் கையொப்பமல்ல. கையொப்பம் மின்கோப்பினுள் இருக்கிறது. ஆகவே தாளை நீட்டி வாதிடுவதில் பயனில்லை. சான்றிதழ் எண்ணையோ அதிலுள்ள கட்டக் குறியையோ கொண்டு, அரசின் இணையதளத்தில் சரிபார்க்கச் சொல்லவேண்டும். மறு ஆண்டு நம் தெரு மாணவன் ஒருவனுக்கு வேறோர் இடத்தில் இதே தடை நேர்ந்தபோது, அவன் சினமுறாமல், 'ஐயா, தாளை நம்ப வேண்டாம். இந்த எண்ணைச் சரிபாருங்கள்' என்றான். பத்து நிமிடத்தில் சேர்க்கை முடிந்தது. அவனுக்கும் சென்ற ஆண்டுப் பெண்ணுக்கும் இடையே இருந்த வேறுபாடு, நாங்கள் கற்ற அந்தச் சில பாடங்களே.

இன்னும் ஓர் எச்சரிக்கை. விரல்ரேகை திறவுகோலாகாது. திறவுகோல் களவுபோனால் மாற்றிக்கொள்ளலாம். விரலை மாற்ற முடியாது. நாற்றுப் பறித்துத் தேய்ந்த நம் தாய்மார்களின் விரலை இயந்திரம் ஏற்காதபோது, மீண்டும் மீண்டும் வைக்கச் சொல்வர். ஒவ்வொரு முறை வைத்ததற்கும் என்ன பதிவாயிற்று என்று சீட்டுக் கேட்டு வாங்குங்கள். கைபேசிக்கு வரும் ஒருமுறை எண்ணை வங்கியின் பெயரால் கேட்டாலும் சொல்லாதீர்கள். கணக்கு எவ்வளவு வலிமையுடையதாயினும், திறவுகோலை நாமே எடுத்துக் கொடுத்துவிட்டால் அது நம்மைக் காக்காது.

அன்பர்களே, 1927ஆம் ஆண்டு மார்ச்சு 20ஆம் நாள், மகாடு நகரின் பொதுக்குளத்தில் அண்ணல் அம்பேத்கர் இறங்கி நீரை அள்ளிப் பருகினார். குளம் எல்லார்க்கும் உரியது என்பதை அச்செயல் நிலைநாட்டியது. குளத்திலிருந்து மொண்டு வீட்டுக்குக் கொண்டுசெல்லும் குடமோ அவரவர்க்குரியது. அதில் அயலார் கைவிட உரிமையில்லை. அறிவும் அப்படியே. முறை என்னும் குளம் பொதுவாயிருக்கட்டும். திறவுகோல் என்னும் குடம் நம் கையில் இருக்கட்டும். ஞாயிறு தோறும் மாலை நான்கு மணிக்குச் சங்கக் கட்டடத்தில் கரும்பலகை காத்திருக்கும். 33இல் தொடங்குவோம், வாருங்கள்.